கூடுதல் அட்டை

"அட்டை வந்துருச்சா?"
கடைக்குள் நுழையும்போதே கஸ்பார் கேட்டார், அடங்கிய குரலில்.
பாம்பனில் அந்தச் சொல்லை அப்படிக் கேட்கக் கூடாது.
பக்கத்துக் கடையில் டீ குடித்த வனத்துறைக்காரர்
கிளாஸோடு திரும்பினார்.
கடலட்டை இல்லை சார், வயர்லெஸ் அட்டை என்று
நகத்தளவுப் பச்சைப் பலகையைத் தூக்கிக் காட்டினேன்.
மோந்து பார்க்காத குறை.

குரலை உடைத்து அனுப்பும் அட்டை.
இதே அட்டை, இதே எண் உள்ள செட்டில் மட்டும்
உடைந்தது ஒட்டிப் பேச்சாகும்.
மற்றவர்களுக்குத் தகரத்தில் நண்டு ஓடும் சத்தம்.
"சீலா கிடக்குன்னு வாயத் திறந்தா
விடியிறதுக்குள்ள எட்டுப் போட்டு பக்கத்துல நிக்கிது"
என்று லுங்கியில் சுற்றிய செட்டை மேசையில் வைத்தார்.

எட்டுத் திருகாணி.
ரப்பர் வளையம் உப்பில் இறுகி
கருவாட்டுத் தோலாய் உரிந்து வந்தது.
உள்ளே செம்பெல்லாம் பச்சை பூத்திருந்தது.
ஸ்பிரிட்டும் பழைய பல்துலக்கியுமாய் அரை மணி நேரம்.

கம்பெனிக்காரன் ஓர் இடம் விட்டு வைத்திருக்கிறான்,
வேண்டுமானால் வாங்கு, இல்லாவிட்டால் போ என்று
பதினெட்டுக் குழியுள்ள காலி இருக்கை.
சொருகினால் மட்டும் போதாது.
பக்கத்தில் கடுகில் பாதியாய் ஒரு தடை உண்டு.
பூஜ்ஜியம் ஓம்.
தடையே இல்லாத தடை.
அது இருக்கும்வரை குரல் நேர்வழியில் போய்விடும்,
அட்டையை ஏறெடுத்தும் பார்க்காது.
மூச்சடக்கி, சூடு காட்டி, இடுக்கியால் எடுத்தேன்.
பில் புத்தகத்தின் கடைசிப் பக்கத்தில் டேப்பால் ஒட்டி
அவர் பேரை எழுதினேன்.
திரும்ப வைக்கச் சொல்லி வருவார்கள்.
வந்திருக்கிறார்கள்.

"எண் என்ன போட?"
"ஏதாவது போடும்மா."
இருபத்தாறு போட்டேன்.
"ஜோடி செட்டு?"
"அது வரும்."

வெள்ளிக்கிழமை வந்தது.
கொண்டுவந்தவர் சந்தியாகு.
கூடப் பிறந்த தம்பி. வாடியைப் பிரித்ததிலிருந்து
நாலு வருசமாய் ராமநாதபுரம் கோர்ட்டுக்கு
ஒரே வாய்தாவுக்கு வேறு வேறு பஸ்ஸில் போகிறவர்கள்.
எண் கேட்டேன்.
சுவர்க் காலண்டரைப் பார்த்தபடி நின்றார்.
ஆகஸ்டு இன்னும் கிழிக்காமல் இருந்தது.
"அந்தச் செட்டுல என்னவோ அது."

பாக்கெட்டில் மூன்று அட்டைகள்.
மூன்றாவதை என் மேசைச் செட்டில் மாட்டினேன்,
சோதிக்க வேண்டுமே.
சோதிக்க மட்டும்தான் என்று
எனக்கே இரண்டு தரம் சொல்லிக்கொண்டேன்.

சனிக்கிழமை டோக்கன்.
தென்கடலில் நல்ல நீவாடு என்று பேச்சு.
ராத்திரி இரண்டு மணி, மின்விசிறியை நிறுத்தினேன்.
சீறல். சீறல்.
பிறகு,
"சாப்பிட்டியா?"
ரொம்ப நேரம் ஒன்றுமில்லை.
பித்தானை அமுக்குவது கேட்டது, விடுவது கேட்டது.
மறுபடி அமுக்குவது.
"ம்."
"என்ன?"
"சூடைக் கொழம்பு. புளி ஜாஸ்தி."
"உனக்குப் புளி ஆகாதேடா."
இஞ்சின் சத்தம்.
"ஆகல."

சீலாவைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை.

அணைத்துவிட்டேன்.
விளக்கைப் போட்டு என் செட்டைத் திறந்து
அட்டையைப் பிடுங்கினேன்.
என் பேர் எழுதிய டேப்பை உரித்து
அந்தக் கடுகுப் பாதியை இருந்த இடத்தில் வைத்தேன்.
கை நடுங்கி ஈயம் கொஞ்சம் வழிந்தது.

திங்கள் காலை பாக்கி கொடுக்க கஸ்பார் வந்தார்.
"வேற யாருக்கும் கேக்காதுல்ல?"
"கேக்காது."
"உனக்கு?"
"இப்போ கேக்காது" என்றேன்.
அவர் ரூபாயை எண்ணுவதை நிறுத்தவில்லை.
ஒரு தரம் எண்ணியதை மறுபடி எண்ணினார்.
"மீன்பாடு எப்படி?"
"ஒண்ணுமில்ல" என்று சொல்லிவிட்டு
படியிறங்கும்போது மெல்லச் சீட்டியடித்தார்.

என் செட்டின் எட்டுத் திருகாணியில் ஒன்று
அன்றிரவு எங்கோ உருண்டுவிட்டது.
பெருக்கிப் பார்த்தாயிற்று, காந்தம் வைத்துத் தேடியாயிற்று.
ஏழில் நிற்கிறது மூடி.